57 தவணை கட்டினோம், குறைந்தது ஆறுதானா?

கோவை மாவட்டத்திலிருந்து ஒரு சகோதரி எழுதியிருக்கிறார். பெயரும் ஊரும் வேண்டாம் என்று கேட்டிருப்பதால் தவிர்த்துவிட்டேன். கணவருக்கு வயது 43. பம்பு தயாரிக்கும் தனியார் தொழிற்சாலையில் மேற்பார்வையாளர், மாதச் சம்பளம் 62,000 ரூபாய். இவர் தனியார் பள்ளி ஆசிரியை, சம்பளம் 18,000. மகள் பத்தாம் வகுப்பு, மகன் ஆறாம் வகுப்பு.

2021-இல் 38 லட்சம் ரூபாய்க்கு ஒரு வீடு வாங்கியிருக்கிறார்கள். பத்திரப் பதிவுக்கும் மற்றச் செலவுகளுக்கும் மூன்றரை லட்சம் தனியாகப் போயிற்று. வங்கியில் 30 லட்சம் கடன். 20 ஆண்டு, 7 சதவீதம் மாறும் வட்டி, மாதத் தவணை 23,259 ரூபாய். 2023 ஏப்ரலில் தவணை 24,295 என்று கைபேசியில் ஒரு செய்தி வந்தது. “ஆயிரம் ரூபாய்தானே கூடியிருக்கிறது” என்று இருவரும் விட்டுவிட்டார்கள். இந்த ஜனவரியில் மகளின் கல்லூரிச் செலவுக்குக் கணக்குப் போட உட்கார்ந்தவர், வங்கியிலிருந்து கடன் அறிக்கையை வாங்கிப் பார்த்திருக்கிறார். பாக்கி அசல் 28,19,663 ரூபாய். மீதித் தவணைகள் 234.

“240-இல் 57 தவணை கட்டிவிட்டோம். 183 அல்லவா இருக்க வேண்டும்? என் கணக்கு நோட்டைக் கூட்டிப் பார்த்தேன். இதுவரை 13 லட்சத்து 60 ஆயிரம் கட்டியிருக்கிறோம். கடன் இரண்டு லட்சம்கூடக் குறையவில்லை. எங்களை ஏமாற்றிவிட்டார்களா?” என்று கேட்கிறார்.

இதற்கிடையில் வட்டி குறைந்திருப்பதால் தவணையை 21,694 ஆக்கித் தருகிறோம் என்கிறது வங்கி. அடுத்த மாதம் சீட்டுப் பணம் நாலரை லட்சம் கைக்கு வருகிறது. அதைக் கடனில் கட்டலாமா என்றால், “வீட்டுக் கடனை அடைத்தால் வரிச் சலுகை போய்விடும், அபராதமும் உண்டு, கடனை வேறு இடத்துக்கு ஏழரை சதவீதத்தில் மாற்றி, மேலே ஐந்து லட்சம் டாப்-அப் (அதே வீட்டின் பேரில் கூடுதல் கடன்) வாங்கி, சீட்டுப் பணத்தையும் சேர்த்து ஒரு மனை போடுங்கள்” என்கிறாராம் கொழுந்தனார். என்ன செய்வது என்பதே கேள்வி.

அன்புள்ள சகோதரிக்கு,

முதலில் அந்தக் கணக்கு நோட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். வங்கியின் கடன் பிரிவில் 22 ஆண்டுகள் உட்கார்ந்திருந்தவன் நான். கடன் வாங்கியவர்களில் மீதித் தவணை எத்தனை என்று கேட்டு வந்தவர்கள் மிகக் குறைவு. தவணை எவ்வளவு என்பதோடு எல்லோரும் நிறுத்திக்கொள்வார்கள். நீங்கள் 57-ஐயும் 234-ஐயும் பக்கத்தில் வைத்துப் பார்த்தீர்கள். அந்த ஒரு கழித்தலால் உங்கள் குடும்பத்துக்குப் பல லட்சம் மிஞ்சப்போகிறது.

ஏமாற்றினார்களா என்றால், கணக்கில் தவறில்லை. ஆனால் உங்களுக்குச் சொல்லியிருக்க வேண்டியதைத் தெளிவாகச் சொல்லவில்லை. உங்கள் மனவருத்தம் நியாயமானது.

நடந்தது என்ன?

கால்வாசிக் காலம் முடிந்தால் கால்வாசிக் கடன் கழிந்திருக்கும் என்று நீங்கள் நினைத்திருக்கிறீர்கள். அநேகமாக எல்லோரும் அப்படித்தான் நினைக்கிறார்கள். தவணைக் கடனின் கணக்கு வேறு. ஒவ்வொரு மாதமும் அன்றைய பாக்கிக்கு வட்டி போடுவார்கள். தவணையிலிருந்து அந்த வட்டியை முதலில் எடுத்துக்கொண்டு, மிச்சம் இருப்பதைத்தான் அசலில் கழிப்பார்கள். உங்கள் முதல் தவணை 23,259 ரூபாயில் வட்டி 17,500. அசலுக்குப் போனது 5,759. வட்டி ஏறாமலே இருந்திருந்தாலும் 57 தவணையில் 3 லட்சத்து 88 ஆயிரம்தான் கழிந்திருக்கும்.

வட்டியோ ஏறியது. நீங்கள் கடன் வாங்கிய 2021-இல் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம், அதாவது அது வங்கிகளுக்குக் கொடுக்கும் கடனுக்கான வட்டி, 4 சதவீதம். உங்கள் வங்கி அதற்கு மேல் 3 சதவீதம் வைத்து 7 என்று கொடுத்தது. 2022 மே மாதம் ரெப்போ ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் ஆறரையைத் தொட்டது. உங்கள் வட்டியும் ஒன்பதரைக்குப் போயிற்று. தவணை மட்டும் 2023 மார்ச் வரை அசையவில்லை. அதனால் வட்டியும் அசையவில்லை என்று நீங்கள் நினைத்துக்கொண்டீர்கள். தவணைக்குள்ளே அசலின் பங்கு மாதாமாதம் சுருங்கிக்கொண்டிருந்தது.

2023 ஏப்ரல் மாதத்து வரியை அறிக்கையில் தேடி எடுத்து ஒரு முறை பாருங்கள். வட்டி ஏறக்குறைய 22,874 ரூபாய் என்று இருக்கும். பழைய தவணையையே விட்டிருந்தால் அசலுக்கு 385 ரூபாய்தான் மிஞ்சியிருக்கும். கடன் தீர 43 ஆண்டு ஆகும். வங்கி அப்படி விட முடியாது. உங்கள் கணவருக்கு 70 வயதாகும் வரை, அதாவது 2053 மார்ச் வரை, முப்பது ஆண்டுக்குக் காலத்தை இழுத்து, அதற்கு ஏற்ற தவணையாக 24,295 என்று வைத்தார்கள். அந்த 1,036 ரூபாய்தான் உங்கள் கைபேசிக்கு வந்தது. மீதி 18 ஆண்டாக இருந்த கடன் 30 ஆண்டாகிவிட்ட செய்தி உங்கள் கண்ணில் படவே இல்லை. அடுத்த இரண்டு ஆண்டில் அசலில் கழிந்தது வெறும் 37,000 ரூபாய்ச் சொச்சம்.

2025-இல் ரெப்போ நான்கு முறை குறைந்து டிசம்பரில் 5.25-க்கு வந்தது. உங்கள் வட்டி இப்போது 8.25. தவணை 24,295 ஆகவே இருப்பதால் மீதிக் காலம் 27 ஆண்டிலிருந்து 19 ஆண்டு 6 மாதமாகச் சுருங்கியிருக்கிறது. அதுதான் நீங்கள் பார்த்த 234. ஆக இதுவரை கட்டியதில் வட்டி 11 லட்சத்து 80 ஆயிரம், அசல் 1 லட்சத்து 80 ஆயிரம். உங்கள் நோட்டும் வங்கியின் அறிக்கையும் ஒத்துப்போகின்றன.

வீட்டின் விலை இன்னும் முடிவாகவில்லை

38 லட்சத்துக்கு வீடு வாங்கினோம் என்று எழுதியிருக்கிறீர்கள். அது விற்றவருக்குப் போன தொகை. நீங்கள் கொடுக்கப்போகும் விலை எவ்வளவு என்பது நீங்கள் இந்த மாதம் எடுக்கும் முடிவில் இருக்கிறது. வட்டி இன்றைய 8.25-இலேயே நிற்பதாக வைத்துக்கொண்டு போட்ட கணக்கு இது.

வங்கி சொல்கிறபடி தவணையை 21,694 ஆக்கினால் மாதம் 2,601 ரூபாய் மிஞ்சும். ஆனால் கடன் மறுபடியும் 2053 வரை நீளும். இனி கட்ட வேண்டிய வட்டி மட்டும் 42 லட்சத்து 74 ஆயிரம். பதிவுச் செலவு, இதுவரை கட்டிய வட்டி எல்லாம் சேர்த்தால் வீடு 96 லட்சம் ரூபாய் ஆகும்.

எதையும் தொடாமல் 24,295-ஐயே கட்டிக்கொண்டு போனால் கடன் 2045 ஜூன் மாதம் தீரும். இனிமேல் வட்டி 28 லட்சத்து 51 ஆயிரம். வீடு ஏறக்குறைய 82 லட்சம்.

சீட்டுப் பணத்தில் 3 லட்சத்தை அசலில் கட்டி, தவணையை 24,295 ஆகவே வைத்திருந்தால் மீதி 183 தவணை. நீங்கள் முதலில் கையெழுத்திட்ட அதே 2041 மார்ச் மாதத்துக்குக் கடன் திரும்பிவிடும். இனிமேல் வட்டி சுமார் 19 லட்சம். வீடு 72 லட்சத்துச் சொச்சம்.

ஒரே வீடு, ஒரே கடன். 72-க்கும் 96-க்கும் நடுவில் 24 லட்சம் ரூபாய். என் ஆலோசனை மூன்றாவது வழி. தவணையைக் குறைக்கும் படிவத்தில் தயவுசெய்து கையெழுத்திடாதீர்கள்.

ஏன் நாலரை லட்சத்தையும் கட்டச் சொல்லவில்லை என்று கேட்பீர்கள். கடனில் போட்ட பணத்தை அவசரத்துக்குத் திருப்பி எடுக்க முடியாது. சேமிப்புக் கணக்கில் 60,000 ரூபாய்தான் இருக்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள். கணவர் தனியார் தொழிற்சாலையில் வேலை செய்பவர். ஆர்டர் குறைந்து ஷிப்ட் குறைக்கப்பட்டால் முதலில் தவறுவது வீட்டுத் தவணைதான். ஆறு மாதத் தவணைக்கு ஒரு லட்சத்து 46 ஆயிரம் வேண்டும். ஆகவே ஒன்றரை லட்சத்தை வைப்பு நிதியில் தனியாகப் போட்டுவிடுங்கள், மனை என்று யார் சொன்னாலும் அதைத் தொடாதீர்கள்.

தவணையை 27,128 ஆக உயர்த்தினாலும் இதே 2041-இல் முடிக்கலாம். ஆனால் இரண்டரை ஆண்டில் மகள் கல்லூரிக்குப் போகிறாள். இந்த நேரத்தில் மாதச் சுமையை ஏற்றிக்கொள்ள வேண்டாம் என்றே சொல்வேன்.

இன்னொன்றையும் ஒளிக்காமல் சொல்ல வேண்டும். 3 லட்சம் கட்டினால் ஒன்பது லட்சத்துக்கு மேல் வட்டி மிஞ்சும் என்பது உண்மை. ஆனால் அது இன்றைய ரூபாய் அல்ல. 2041-க்குப் பிறகு கட்டவேண்டியிருந்த தவணைகள்தான் நீங்குகின்றன. அன்று பணத்தின் மதிப்பு இன்று போல் இராது. அப்படியிருந்தும் நான் இதை வற்புறுத்துவதற்குக் காரணம் இருக்கிறது. 2041-இல் உங்கள் கணவருக்கு 58 வயது. நீங்குகிற அந்த நாலேகால் ஆண்டுத் தவணைகள் முழுவதும் அவர் ஓய்வு பெற்ற பிறகு, சம்பளம் இல்லாத காலத்தில் கட்ட வேண்டியவை. தவிர, பாக்கியில் போடும் ஒவ்வொரு ரூபாயும் ஆண்டுக்கு 8.25 சதவீத வட்டியை உறுதியாக மிச்சப்படுத்துகிறது. வங்கி வைப்பு நிதியில் உங்களுக்கு அவ்வளவு கிடைக்காது.

கொழுந்தனாரின் யோசனை பற்றி

அவர் நல்லெண்ணத்தில்தான் சொல்லியிருப்பார். ஆனால் அவர் சொன்னதில் இரண்டு செய்திகள் தவறு.

அபராதம் கிடையாது. தனிநபர் வாங்கிய மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்னதாகக் கட்டினாலும், முழுவதும் அடைத்தாலும் கட்டணம் வசூலிக்கக் கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் விதி. யாராவது கேட்டால் எழுத்தில் தரச் சொல்லுங்கள்.

வரிச் சலுகை உங்களுக்கு இப்போது பொருந்தாது. குடியிருக்கும் வீட்டுக் கடனின் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரி முறையில் மட்டும்தான். புதிய முறையில் 2025-26 நிதியாண்டு முதல், சம்பளக்காரர்களுக்கு நிலைக் கழிவையும் சேர்த்து 12 லட்சத்து 75 ஆயிரம் வரை வரியே இல்லை. உங்கள் கணவரின் ஆண்டுச் சம்பளம் ஏழரை லட்சத்துக்கும் கீழே. இல்லாத வரியில் சலுகை எங்கிருந்து வரும்? பழைய முறையில் 20 சதவீத வரி கட்டுகிறவருக்குக்கூட, நூறு ரூபாய் வட்டி கட்டினால் மிஞ்சுவது 20 ரூபாய் 80 காசுதான். எண்பது ரூபாய் கைவிட்டுப் போவது போனதுதான்.

கடனை வேறு இடத்துக்கு மாற்றும் யோசனையில் பாதி சரி. ஏழரை சதவீதம் கிடைப்பது நல்லதே. ஆனால் அவர்கள் உங்களிடம் காட்டும் தாளில் மறுபடியும் 20 ஆண்டு, தவணை 22,700 ரூபாய்ச் சொச்சம் என்று இருக்கும். அப்படி மாற்றினால் 20 ஆண்டில் மிஞ்சும் வட்டி இரண்டு லட்சத்துச் சொச்சம்தான். அதிலும் செயலாக்கக் கட்டணம், வழக்கறிஞர் கருத்து, மதிப்பீடு, பத்திர ஒப்படைப்பைப் புதிதாகப் பதிவு செய்யும் செலவு என்று ஒரு பகுதி போய்விடும். தவணையை 24,295-இலேயே வைத்து மாற்றினால் ஆறு லட்சத்துக்கு மேல் மிஞ்சும்.

அதற்கு முன் உங்கள் வங்கியிலேயே கேளுங்கள். ரெப்போவுக்கு மேல் 3 சதவீதம் என்பது இன்றைக்கு அதிகம். “புதியவர்களுக்கு ஏழரைக்குத் தருகிறீர்கள், ஐந்து ஆண்டாக ஒரு தவணை தவறாத எங்களுக்கு ஏன் 8.25?” என்று எழுதிக் கொடுங்கள். மாற்றுக் கட்டணம் என்று சில ஆயிரம் கேட்பார்கள், கொடுக்கலாம். வேறொரு இடத்தின் சலுகைக் கடிதம் கையில் இருந்தால் பேச்சு சீக்கிரம் முடியும். என் அனுபவத்தில் பலருக்கு அப்படித்தான் குறைந்தது. மூன்று லட்சம் கட்டி, வட்டியும் ஏழரை ஆனால், கடன் 14 ஆண்டில் தீர்ந்துவிடும்.

டாப்-அப் வேண்டாம். அதே ஏழரையில் 20 ஆண்டுக்குக் கிடைத்தாலும் 5 லட்சத்துக்கு 9 லட்சத்து 67 ஆயிரம் கட்ட வேண்டும். மனைக்காக வாங்கிய கடனுக்கு நீங்கள் குடியிருக்கும் வீடு ஈடாக இருக்கும் என்பதையும் மறக்க வேண்டாம். மனை நல்ல மனையா, அரசின் நகர் ஊரமைப்புத் துறையின் (டிடிசிபி) அங்கீகாரம் உண்டா என்பதெல்லாம் அதற்குப் பிறகு வரும் கேள்விகள்.

உங்களுக்கு உள்ள உரிமைகள்

2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. உங்களைப் போல் தெரியாமலே காலம் நீண்டுபோன ஏராளமானோரின் புகார்களுக்குப் பிறகு வந்தது அது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன் வாங்கியவருக்குத் தர வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒரு முறை, அதுவரை வசூலித்த அசலும் வட்டியும், மீதித் தவணைகளும், ஆண்டு வட்டி விகிதமும் காட்டும் அறிக்கை தர வேண்டும். உங்கள் காலத்தை நீட்டியது இதற்கு நான்கு மாதம் முன்பு. ஆனால் பழைய கடன்களுக்கும் இது பொருந்தும். நிலையான வட்டிக்கு மாறும் வழியும் அதில் இருந்தது. 2025 அக்டோபர் முதல் அதைத் தருவது வங்கியின் விருப்பம். நிலையான வட்டி பொதுவாக அதிக விகிதத்தில் வருவதால் உங்களுக்கு நான் சொல்லமாட்டேன்.

வங்கிக்கு எழுத்தில் கொடுத்த புகாருக்கு 30 நாளில் பதில் வராவிட்டாலோ, பதில் சரியில்லாவிட்டாலோ ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். கட்டணம் கிடையாது. கடன் முழுவதும் தீர்ந்ததும் மூலப் பத்திரங்களை 30 நாளுக்குள் திருப்பித் தர வேண்டும். வங்கியின் காரணத்தால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு உண்டு.

காப்பீட்டுச் சான்றிதழை எடுத்துப் பாருங்கள்

நீங்கள் கேட்காத ஒன்று. கடன் வாங்கியபோது 92,000 ரூபாய்க்கு ஒரு காப்பீடு எடுத்து, அதையும் கடனிலேயே சேர்த்துவிட்டார்கள் என்று போகிறபோக்கில் எழுதியிருக்கிறீர்கள். அந்தப் பணத்துக்கும் வட்டி ஓடிக்கொண்டிருக்கிறது. அதைவிட முக்கியம், இத்தகைய பாலிசிகளில் காப்பீட்டுத் தொகை பொதுவாக ஆண்டுக்காண்டு குறைந்துகொண்டே வரும். எப்படிக் குறையும் என்ற அட்டவணையைக் கடன் வாங்கிய அன்றே எழுதிவிடுவார்கள். பழைய 7 சதவீதக் கணக்குப்படி உங்கள் பாக்கி இன்று 26 லட்சத்து 12 ஆயிரமாக இருந்திருக்க வேண்டும். உண்மையான பாக்கியோ அதைவிட இரண்டு லட்சம் அதிகம். கணவருக்கு ஏதேனும் நேர்ந்தால் அந்த வித்தியாசம் உங்கள் தலையில் விழும். சான்றிதழில் உள்ள அட்டவணையைப் பாருங்கள். கணவரின் பெயரில் தனியாக ஒரு டேர்ம் பாலிசி (குறிப்பிட்ட காலத்துக்கான ஆயுள் காப்பீடு) இல்லையென்றால் இந்த ஆண்டே எடுங்கள். அந்தப் பணம் வங்கிக்குப் போகாமல் நேராக உங்கள் கைக்கு வரும்.

வங்கிக்குப் போகும்போது

சீட்டுப் பணம் வந்ததும் கணவரையும் அழைத்துக்கொண்டு கிளைக்குப் போங்கள். இருவரும் சேர்ந்து வாங்கிய கடன் என்பதால் இருவர் கையெழுத்தோடு ஒரு கடிதம் கொடுங்கள். அதில் இந்த இரண்டு வரி கட்டாயம் இருக்கட்டும்: “இந்த 3,00,000 ரூபாயை இன்றே அசலில் வரவு வைக்கவும். மாதத் தவணையை மாற்றாமல், கடன் காலத்தைக் குறைக்கவும்.” இப்படி எழுதாவிட்டால் காலத்தை அப்படியே விட்டுத் தவணையை 21,710 ஆகக் குறைத்துவிட வாய்ப்பு உண்டு. அப்போது அதே மூன்று லட்சத்துக்கு மிஞ்சும் வட்டி மூன்று லட்சம்தான். சில இடங்களில் இனி வரும் தவணைகளுக்கான முன்பணம் என்று ஒதுக்கி வைத்துவிடுவார்கள். அதனால் பாக்கி குறையாமல் வட்டி ஓடிக்கொண்டிருக்கும். கடிதத்தின் நகலில் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். புதிய தவணை அட்டவணையை அச்சிட்டுத் தரச் சொல்லுங்கள்.

உங்கள் நோட்டில் தவணை என்று ஒரு பத்திதான் வைத்திருப்பீர்கள். அடுத்த மாதத்திலிருந்து அதன் பக்கத்தில் வட்டி, அசல், மீதித் தவணை என்று மூன்று பத்திகள் போடுங்கள். பணம் கட்டிய பிறகு வரும் முதல் தவணையில் அசலுக்குப் போன தொகை 7,000 ரூபாயை ஒட்டி இருக்க வேண்டும். 5,000 என்றே இருந்தால் உங்கள் மூன்று லட்சம் அசலில் சேரவில்லை என்று பொருள். அன்றே கிளைக்குப் போய்க் கேளுங்கள். அவர்கள் தரும் பதிலோடு எனக்கும் எழுதுங்கள்.